முள் காட்டாத எடை

கரமனை, திருவனந்தபுரம்
6 அக்டோபர் 2024

அன்புள்ள தம்பி குமாருக்கு,

அக்கா எழுதுவது. இங்கே நானும் அத்தானும் சௌக்கியம். அத்தானின் முதுகு மட்டும் அந்தக் கணக்கில் சேராது. நீ அங்கே எப்படி இருக்கிறாய் என்று முதலில் எழுது, மற்றதெல்லாம் அப்புறம்.

ஓணத்துக்கு நீ ஃபோன் செய்து இரண்டு நிமிடம் ஆவதற்குள் நமக்குள் சண்டை. "ஃபோனே வேண்டாம்க்கா, லெட்டர் எழுதுவோம். எழுத்துல நீ கத்தினா எனக்குக் கேக்காது" என்று சொல்லி வைத்துவிட்டாய். அதற்குப் பிறகு மூன்று தடவை கூப்பிட்டேன், எடுக்கவில்லை. சரி, துரையின் விருப்பம். தபால் தலை வாங்கப் போனால் கவுண்டரில் இருந்த பெண் என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

அம்மா போய், ஆரியசாலையில் சோடா கம்பெனியை மறுபடி திறந்து ஒரு வருடம் ஆகிறது. அத்தானால் குனிய முடியாததால் சிலிண்டர் பக்கமும் இப்போது நான்தான். அவர் சிலிண்டரை லேசாகச் சாய்த்துப் பார்த்தே எவ்வளவு கேஸ் இருக்கிறது என்று சொல்லிவிடுவார். எனக்கு அந்தக் கைப்பழக்கம் கிடையாது. ஆனால் நான் பிரீ டிகிரியில் கெமிஸ்ட்ரி படித்தவள். கேஸ் பாதியானால் அழுத்தமும் பாதியாகும். அது எனக்கு இன்னும் மறக்கவில்லை. தினமும் காலையில் சிலிண்டரின் அழுத்த மீட்டரைப் பார்த்து காலண்டரில் குறித்து வைக்கிறேன்.

புது சிலிண்டர் மாட்டி இரண்டு வாரம். முதல் நாள் முள் அறுபத்துநாலில் நின்றது. இன்றும் அறுபத்துநாலு! கேஸ் கொண்டு வரும் பையன் ஷிஜு போட்டுவிட்டுப் போனது அட்சய பாத்திரம் போலிருக்கிறது. நீ பதினாறு வருடமாக கேஸ் கம்பெனியில் சிலிண்டர் சோதிக்கிறவன், சொல். இது எத்தனை நாள் வரும்? அடுத்த மாதம் மூன்றாம் தேதி ஒரு பெரிய கல்யாண ஆர்டர் இருக்கிறது.

வேளைக்குச் சாப்பிடு. உடம்பைப் பார்த்துக்கொள்.

அன்புடன்,
அக்கா ரத்னாபாய்

---

அங்கலேஷ்வர், குஜராத்
21 அக்டோபர் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். வேலை சுகம். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. நீயும் அத்தானும் சுகமாக இருக்க வேண்டும்.

உன் கடிதம் கிடைத்து ஒரு வாரம் ஆகிறது. உடனே எழுத முடியவில்லை, ஆடிட் நடக்கிறது. சிலிண்டர் பற்றி நீ கேட்டது நல்ல கேள்வி. சற்று விரிவாகச் சொல்ல வேண்டியது. ஓய்வாக உட்கார்ந்து எழுதுகிறேன். சிலிண்டரை மட்டும் நீ தூக்காதே.

முடிந்தால் நாரத்தங்காய் ஊறுகாய் ஒரு பாட்டில் அனுப்பு. இங்கே எதைத் தின்றாலும் வாயில் ருசி தெரிவதில்லை. குஜராத்தில் பருப்பில் கூடச் சர்க்கரை போடுகிறார்கள், அதனால்தான்.

அன்புத் தம்பி,
பத்மகுமார்

---

கரமனை
5 நவம்பர் 2024

குமாருக்கு,

இன்றைக்கு அன்புள்ள எல்லாம் கிடையாது. உடம்பு நன்றாக இருக்கிறது, மானம்தான் போயிற்று. ஊறுகாய் தனியாகப் பார்சலில் வருகிறது.

உன் ஆடிட் முடிகிற வரை என் சிலிண்டர் காத்திருக்கவில்லை. போன மாதக் கடைசியில் முள் மெல்ல இறங்க ஆரம்பித்தது. கல்யாணத்துக்கு முந்தின நாள் காலையில் நாற்பத்தெட்டு. அறுபத்துநாலில் நாற்பத்தெட்டு என்றால் முக்கால். முக்கால் சிலிண்டர் இருக்கிறதென்று அத்தானிடம் நானே கணக்குப் போட்டுக் காட்டினேன். வேறு சிலிண்டர் சொல்லி வைக்கவில்லை. ஆர்டர் நூறு பெட்டி. கல்யாணத்தன்று அறுபத்தெட்டாவது பெட்டியில் மிஷின் இருமி, தும்மி, நின்றுவிட்டது. முள் படுத்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை, எங்கும் கேஸ் கிடையாது. மிச்சம் முப்பத்திரண்டு பெட்டிக்கு நான் அடுத்த கம்பெனிக்காரன் வாசலில் போய் நின்றேன்.

மறுநாள் ஷிஜு ஆட்டோவில் வந்து இறங்கினான். சாலைக் கடைக்காரர்கள் அத்தனை பேரும் பார்க்க அவனைப் பிடித்துக்கொண்டேன்.

"என்னடே, காக்கொறையா நெறச்சுட்டு ஃபுல்லுன்னு சொல்லி எறக்குதியா? முக்கா சிலிண்டர் ஒரே நாள்ல எங்க போச்சு?"

"சேச்சி, ஞான் கள்ளன் அல்ல" என்றான். காலி சிலிண்டரைத் தோளில் ஏற்றிக்கொண்டு போய்விட்டான். அவன் கண்ணைப் பார்த்த பிறகு எனக்கு நேற்றிலிருந்து சோறு இறங்கவில்லை. அவன் திருடனா, நான் முட்டாளா? இரண்டில் ஒன்றுதான். சீக்கிரம் எழுது.

அக்கா

---

அங்கலேஷ்வர்
1 டிசம்பர் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். வேலை சுகம். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. ஊறுகாய் வந்தது, அது மட்டும்தான் உள்ளே போகிறது.

தாமதம் என் தப்பு. ஷிஜு திருடன் இல்லை. நீயும் முட்டாள் இல்லை. நீ படித்த கணக்கு வேறொரு வாயுவுக்கு.

பாடப்புத்தகத்தில் ஒரு வாயு உண்டு. தமிழில் அதை நல்லியல்பு வாயு என்பார்கள். அதன் மூலக்கூறுகள் இடமே அடைக்காது. ஒன்றையொன்று இழுக்காது. சுவரில் மோதும், திரும்பும், அவ்வளவுதான். பாதி எடுத்தால் அழுத்தம் பாதியாகும். உன் சிலிண்டரில் இருக்கும் கார்பன் டை ஆக்சைடு அப்படிப்பட்டதில்லை. அதன் மூலக்கூறுகள் ஒன்றையொன்று இழுக்கும். நெருக்கி அடைத்தால் அந்த இழுப்பிலேயே சேர்ந்து திரவமாகிவிடும். முழு சிலிண்டரில் முப்பது கிலோ, பெரும்பங்கு தண்ணீர் மாதிரி அடியில் கிடக்கிறது. நீ மேலே இருக்கும் கேஸை எடுக்க எடுக்க, அடியில் இருப்பது ஆவியாகி அந்த இடத்தை நிரப்புகிறது. அதனால் முள் அசையாது. உன் காலண்டரில் ஒரு மாதத்துக்கு மேல் அறுபத்துநாலு என்று இருந்ததே, அது கேஸின் அளவில்லை. அன்றைக்கு அறையில் எவ்வளவு சூடு என்பதுதான்.

சிலிண்டரில் மூன்றில் இரண்டு பங்கு தீர்ந்து, திரவமெல்லாம் போன பிறகுதான் முள் இறங்கத் தொடங்கும். அப்போதும் உண்மை சொல்லாது. மிச்சமிருக்கும் கேஸ் இன்னும் ஒன்றையொன்று இழுத்துக்கொண்டே இருப்பதால், சுவரில் மோத வேண்டிய பலத்தோடு மோதுவதில்லை. அழுத்தம் அடங்கியிருக்கும். கேஸ் குறையக் குறைய இழுப்பும் குறையும், ஒவ்வொன்றும் பலமாக மோதும். அதனால் உள்ளே குறைகிற வேகத்துக்கு முள் இறங்காது. நீ முக்கால் என்று கணக்குப் போட்ட நாற்பத்தெட்டில் உள்ளே ஐந்தில் ஒரு பங்கு கூட இல்லை.

இந்த சிலிண்டருக்கு ஒரே வழிதான். முள்ளை நம்பாதே, எடை போடு. கழுத்தில் வெற்று எடை அடித்திருக்கும். நிறுத்துப் பார்த்து அதைக் கழி. அத்தான் சாய்த்துப் பார்த்தது அதைத்தான். அவர் கை தராசு.

என்னை ஸ்டோர் பக்கம் மாற்றியிருக்கிறார்கள். ஏணி ஏறி இறங்க வேண்டாம், நல்லதுதான். ஷிஜுவிடம் நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்.

அன்புத் தம்பி,
பத்மகுமார்

---

கரமனை
16 டிசம்பர் 2024

அன்புள்ள தம்பிக்கு,

எங்கள் இருவருக்கும் குறையொன்றுமில்லை. அத்தான் உன் கடிதத்தை மூன்று தடவை படித்துவிட்டு "அவர் கை தராசு" என்ற வரியின் கீழே பேனாவால் கோடு போட்டு வைத்திருக்கிறார். இனி அவரை வீட்டில் வைத்துச் சமாளிக்க முடியாது.

உன் மன்னிப்பு எதற்கு, என் மன்னிப்பை நானே கேட்டேன். எல்லார் முன்னாலும் திட்டியதால் எல்லார் முன்னாலும்தான் கேட்க வேண்டும் என்று ஷிஜு வரும் நேரம் பார்த்து ரோட்டிலேயே நின்றேன். "எனக்குத்தான்டே புத்தி இல்ல. மனசுல வைக்காதே" என்றேன். அவனுக்கு வெட்கமாகப் போய்விட்டது. "அது போட்டே சேச்சி" என்று பெரிதுபடுத்தாமல் விட்டுவிட்டு, கேட்காமலே சிலிண்டரைத் தோளில் ஏற்றிப் பகவதிப்பெருமாள் வெல்ல மண்டிக்குக் கொண்டு போனான். பக்கத்தில் பெரிய தராசு அங்கேதான் இருக்கிறது.

"என்ன மைனி, கருப்பட்டிக்கு பதிலா இதையா விக்கப் போறீய?" என்றார் பகவதிப்பெருமாள். எண்பத்திரண்டு காட்டியது. வெற்று எடை ஐம்பத்திரண்டு. முப்பது கிலோ சுத்தம். சிலிண்டர் மேல் சாக்பீஸால் எழுதி வைத்தேன். இனி திங்கட்கிழமைதோறும் எடை.

அந்தத் தராசைப் பார்த்ததும் உன் நினைவு வந்தது. மூன்று வருடம் முன்பு உனக்கு மஞ்சள் காமாலை வந்து பிழைத்தபோது துலாபாரம் நேர்ந்தோமே, உன் எடைக்கு வெல்லம் எவ்வளவு வேண்டும் என்று தெரிய உன்னை அதே தராசில்தான் ஏற்றினோம். எழுபத்தொன்று. "மாப்பிள்ளைக்கு வெல்லம் பத்தாது" என்று மண்டியே சிரித்தது.

ஒன்று கேட்கிறேன். ஒன்றையொன்று இழுக்காத, இடமே அடைக்காத வாயுவை யாராவது கண்ணால் பார்த்திருக்கிறார்களா? இல்லாததை எதற்குச் சொல்லிக்கொடுத்து நூறு பெட்டி ஆர்டரில் என் மானத்தை வாங்க வேண்டும்?

கிறிஸ்துமஸ் லீவுக்கு வா. ஃபோனையும் எடு. கத்த மாட்டேன்.

அக்கா

---

அங்கலேஷ்வர்
14 ஜனவரி 2025

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். வேலை சுகம். சாப்பாட்டுக்குக் குறைவில்லை. பொங்கல் வாழ்த்துகள்.

நல்லியல்பு வாயுவை யாரும் பார்த்ததில்லை. ஆனால் அழுத்தம் குறைவாக, சூடு போதுமானதாக இருந்தால் எந்த வாயுவும் கிட்டத்தட்ட அதைப் போலவே நடக்கும். மூலக்கூறுகள் தூரத் தூர இருந்தால் ஒன்றுக்கொன்று தொந்தரவு இல்லை. கணக்கு சரியாக வரும். எங்கள் ஆக்ஸிஜன் சிலிண்டரில் கூட முள் ஏறக்குறைய உண்மை சொல்லும். நெருக்கும்போதுதான் ஒவ்வொன்றின் சுபாவமும் தெரியும். அதற்குத் திருத்தம் போட்ட கணக்கும் உண்டு: ஒரு திருத்தம் இழுப்புக்கு, இன்னொன்று அடைக்கும் இடத்துக்கு. முதலில் எளிய கணக்கைச் சொல்லிக்கொடுத்தால்தான் எங்கே, எவ்வளவு பிசகுகிறது என்று அளக்க முடியும். அதற்காகத்தான் இல்லாததைச் சொல்லிக்கொடுக்கிறார்கள்.

லீவு கிடைக்கவில்லை. ஃபோன் மைக் கெட்டுப்போயிருக்கிறது. எழுத்தே நன்றாக இருக்கிறது அக்கா, ஆற அமர யோசித்து எழுத முடிகிறது. கை கொஞ்சம் நடுங்கியிருந்தால் இங்கே குளிர் என்று வைத்துக்கொள்.

ஊரே கூடிப் பொங்கல் வைக்கும் அம்மன் கோயில் பொங்காலை வருகிறது. உனக்கு வருடத்தின் பெரிய வேலை. இந்தத் தடவையாவது ஒழுங்காக நடக்கட்டும்.

அன்புத் தம்பி,
பத்மகுமார்

---

கரமனை
2 பிப்ரவரி 2025

அன்புள்ள தம்பி குமாருக்கு,

நாங்கள் நன்றாக இருக்கிறோம். நீ நன்றாக இருப்பதாக நீ எழுதியிருக்கிறாய்.

நேற்று உன் கடிதங்களை மேசையில் வரிசையாக வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். சும்மாதான். வேலை ஓடவில்லை. இரண்டு நாளாக எதிலும் கை நிற்கவில்லை. இஞ்சி சோடாவில் எலுமிச்சைச் சாறு ஊற்றிவிட்டேன். அதை வாங்கிக்கொண்டு போன கடைக்காரன் இன்னும் பத்துப் பெட்டி கேட்கிறான், அது வேறு கதை.

வெயில் ஏறிவிட்டது. புது சிலிண்டரில் மத்தியானம் முள் எண்பதைத் தொடுகிறது. ஷிஜு பயந்து ஈரச்சாக்கு போர்த்தினான். இது என்ன கூத்து என்று எழுது.

இன்னொரு விஷயம். உன் பேரில் மறுபடி ஒரு துலாபாரம் நேர்ந்திருக்கிறேன். காரணம் கேட்காதே, நேர்ந்தாயிற்று. பகவதிப்பெருமாளிடம் வெல்லம் முன்கூட்டிச் சொல்லி வைக்க வேண்டும், பொங்காலைக்கு எல்லா வெல்லமும் தீர்ந்துவிடும். அதனால் உன் எடையை எழுது. கம்பெனியில் தராசுக்கா பஞ்சம்? ஏறி நின்று பார்த்து எழுது.

அக்கா

---

அங்கலேஷ்வர்
11 பிப்ரவரி 2025

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். வேலை சுகம். சாப்பாட்டுக்குக் குறைவில்லை.

சிலிண்டர் பற்றிப் பயப்பட ஒன்றுமில்லை. நிழலில் வை, ஈரச்சாக்கு நல்லதே. முப்பத்தொரு டிகிரிக்கு மேல் போனால் இந்த கேஸுக்குத் திரவம் என்று ஒன்றே கிடையாது. எவ்வளவு அழுத்தினாலும் அடியில் சேராது. திரவத்துக்கும் வாயுவுக்கும் நடுவில் இருந்த கோடு அழிந்துவிடும். உள்ளே எல்லாம் ஒரே மாதிரி இருக்கும். முள் தாறுமாறாக ஏறும். சாயந்தரம் சூடு இறங்கினால் பழையபடி அடியில் சேர்ந்துவிடும். எடை மட்டும் அப்படியே இருக்கும்.

என் எடை எழுபத்தொரு கிலோ. துலாபாரத்துக்கு அவசரம் இல்லை, நான் வரும்போது பார்த்துக்கொள்ளலாம்.

அன்புத் தம்பி,
பத்மகுமார்

---

கரமனை
19 பிப்ரவரி 2025

குமார்,

மூன்று வருடம் முன்பு எழுபத்தொன்று. இன்றைக்கும் எழுபத்தொன்று. முள் அசையவில்லை.

நீதானே எழுதினாய், அசையாத முள் கேஸின் அளவைச் சொல்லாது என்று? உன் நாலு கடிதமும் என் முன்னால் இருக்கிறது. "நான் சுகம். வேலை சுகம். சாப்பாட்டுக்குக் குறைவில்லை." நாலிலும் ஒரு எழுத்து மாறவில்லை. நான் உன் அக்கா. பரீட்சையில் தோற்ற அன்று கூட நீ வீட்டுக்கு வந்து இப்படி ஒரே வரியைத்தான் திருப்பித் திருப்பிச் சொன்னாய். இருபத்தேழு வருடம் ஆகியும் புது வரி கண்டுபிடிக்கவில்லை.

அந்த வரியை விட்டுவிட்டு மிச்சத்தைப் படித்தேன். வாயில் ருசி இல்லை. ஊறுகாய் மட்டும்தான் உள்ளே போகிறது. ஏணி ஏற வேண்டாத இடத்துக்கு மாற்றிவிட்டார்கள். கை நடுங்குகிறது. அது குளிராம்! எனக்குக் குஜராத் தெரியாது, உன்னைத் தெரியும். முதல் கடிதம் ஏழு நாளில் எழுதினாய், இரண்டாவதற்கு மூன்று வாரம், மூன்றாவதற்கு அதற்கும் மேல். எடை கேட்டதும் மட்டும் உடனே பதில் வருகிறது. தராசைக் கண்டு பயந்தவன் பதில் அது.

ஃபோன் மைக் கெட்டிருந்தால் ஐந்து மாதமாகவா சரி செய்யவில்லை? உன் குரலில் நான் எதையோ கேட்டுவிடுவேன் என்று பயப்படுகிறாய். எதை?

எனக்குக் கோபம் இல்லை. பயமாக இருக்கிறது, போதுமா? சோறு வடிக்கும்போது பயமாக இருக்கிறது, பாட்டில் கழுவும்போது பயமாக இருக்கிறது. நீ தராசில் ஏறி, அந்தச் சீட்டை இந்தக் கடிதத்துக்குப் பதிலாக அனுப்பு. வேறு எதுவும் எழுத வேண்டாம்.

அக்கா

---

அங்கலேஷ்வர்
1 மார்ச் 2025

அக்கா,

சீட்டு இதோடு வைத்திருக்கிறேன். சிலிண்டர் எடை போடும் தராசு என்பதால் பெயருக்குப் பதிலாக சிலிண்டர் நம்பர் கேட்டது. பூஜ்யம் என்று போட்டேன். எடை: 53.

ஆகஸ்டிலிருந்து இருமல். ஓணத்துக்கு உன்னிடம் பேசியபோது இருமலை அடக்கத்தான் சண்டை பிடித்து வைத்தேன். கடிதம் எழுதலாம் என்று சொன்னதும் அதற்காகத்தான். ஒரு வாரத்தில் டி.பி. என்று சொன்னார்கள். அரசு ஆஸ்பத்திரியில் மாத்திரை தந்தார்கள். ஆறு மாதம் சாப்பிட்டால் சரியாகிவிடும் என்றார்கள். சரியாகிவிட்ட பிறகு சொல்லலாம் என்று இருந்தேன்.

மாத்திரை வயிற்றைப் புரட்டியது. ஜனவரியில் இருமல் குறைந்தது. வேலைக்குப் போக வேண்டும், வாந்தியோடு போக முடியவில்லை. நானாகவே நிறுத்திவிட்டேன். பிப்ரவரியில் காய்ச்சலோடு திரும்பி வந்துவிட்டது. டாக்டரிடம் போகவில்லை. போனால் ஏன் நிறுத்தினாய் என்று கேட்பார்.

உனக்கு ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். அம்மா படுத்திருந்த பதினாலு மாதம் நீ கடையைப் பூட்டினாய். வாடிக்கையெல்லாம் போயிற்று. மறுபடி ஒவ்வொரு கடையாக ஏறி இறங்கிப் பிடித்தாய். எனக்கும் உடம்பு சரியில்லை என்று தெரிந்தால் பொங்காலையும் பார்க்க மாட்டாய், பூட்டிவிட்டுக் கிளம்பிவிடுவாய். அது வேண்டாம் என்று நினைத்தேன்.

பொங்காலை முடியட்டும். அதற்கு முன் வராதே. எனக்குப் பயமாக இருக்கிறது அக்கா. ஆனாலும் வராதே.

குமார்

---

ரயிலில்
11 மார்ச் 2025

என் தம்பிக்கு,

நான் நலம். அத்தான் நலம். நீ நலமில்லை. இந்த ஒரு வரியை எழுத உனக்கு ஆறு மாதம் ஆயிற்று.

உன் கடிதம் நேற்றுக் காலை வந்தது, நேற்றே ஏறிவிட்டேன். ரத்னகிரி தாண்டியாயிற்று. இதைத் தபாலில் போடப் போவதில்லை, கையில் கொண்டுவந்து தருவேன். உன்னைப் பார்த்ததும் நான் கத்துவேன். கத்தினால் உன் காதில் எதுவும் ஏறாது. அதனால் முக்கியமானதை எழுதிவிடுகிறேன்.

முதலாவது, கடையை நான் பூட்டவில்லை. ஷிஜுவிடம் சாவியைக் கொடுத்தேன். பொங்காலைக்கு நானூறு பெட்டி அவன் பொறுப்பு. "சேச்சி போயிட்டு வா, எல்லா சிலிண்டரும் ஞான் வெயிட் நோக்கி வெச்சிட்டுண்டு" என்றான். ஏழு சிலிண்டரிலும் அவன் கையெழுத்தில் சாக்பீஸ் எண் இருக்கிறது. திருடன் என்று நான் திட்டிய பையன். அத்தான் நாற்காலி போட்டு உட்கார்ந்து ஒவ்வொன்றையும் சாய்த்துப் பார்த்து "சரி" என்கிறார். முதுகு வலி எங்கே போயிற்று என்று தெரியவில்லை.

இரண்டாவது, நாளைக்குக் காலையில் நாம் ஆஸ்பத்திரிக்குப் போகிறோம். ஏன் நிறுத்தினாய் என்று டாக்டர் கேட்டால் நான் பக்கத்தில் நின்று சேர்ந்து திட்டு வாங்கிக்கொள்கிறேன். மறுபடி முதலிலிருந்து என்றால் முதலிலிருந்து. அவர் பயணம் செய்யலாம் என்று சொன்ன அன்று ஊருக்குக் கிளம்புகிறோம். மிச்ச மாத்திரையை நம் ஊரில், என் கண் முன்னால் விழுங்குவாய். வாந்தி எடுத்தால் எடு, நான் கழுவிக்கொள்கிறேன். அம்மாவுக்குச் செய்தது எனக்குப் பாரமாக இருந்தது என்று யார் உன்னிடம் சொன்னது? கடை போனதில் எனக்கு வருத்தம் உண்டு. அம்மாவோடு இருந்த ஒரு நாளைப் பற்றியும் வருத்தம் கிடையாது. நீ என்னிடம் கேட்காமல் நீயே கணக்குப் போட்டுவிட்டாய். அதுவும் பாடப்புத்தகக் கணக்கு. யாரும் யாரையும் இழுக்காத கணக்கு.

மூன்றாவது, துலாபாரம். பகவதிப்பெருமாளிடம் உன் சீட்டைக் காட்டினேன். மனுஷர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். பிறகு "அப்போ அம்பத்துமூணு எடுத்து வைக்கட்டா மைனி?" என்றார். வேண்டாம் என்றேன். நீ எழுதிக் கொடுத்தது எழுபத்தொன்று, சாமியிடம் நான் சொன்னதும் எழுபத்தொன்று. எழுபத்தொரு கிலோ வெல்லமும் உன் அறையில் கட்டிலுக்குப் பக்கத்தில் அடுக்கியிருக்கிறது. எறும்பு வராமல் அத்தான் சுற்றிலும் மஞ்சள்பொடி போட்டிருக்கிறார். நீ ஒரு தட்டில் உட்கார்ந்து, மறு தட்டில் அத்தனை வெல்லத்தையும் வைத்து, இரண்டும் சமமாக நிற்கிற அன்றுதான் உனக்குக் குஜராத்துக்கு டிக்கெட். திங்கட்கிழமைதோறும் மண்டியில் எடை போட்டுக் காலண்டரில் எழுதப் போகிறேன்.

ஜன்னல் பக்கம் ஒருவர் இருமிக்கொண்டே வருகிறார். மற்றவர்கள் முகத்தைச் சுளிக்கிறார்கள். நான் என் தண்ணீர் பாட்டிலை அவரிடம் நீட்டினேன். ஆறு மாதம் யாருக்கும் கேட்காமல் எப்படி இருமினாய்?

இனி எனக்குக் கடிதம் எழுதாதே. கதவைத் திற. பேசு. இருமல் வந்தால் அடக்காதே, இருமிக்கொண்டே பேசு. நான் கேட்டுக்கொண்டிருப்பேன்.

அக்கா